அத்தையின் கண்ணுக்கு லேசர்

சாமல்பட்டியிலிருந்து ஒரு சகோதரி கடிதம் எழுதியிருக்கிறார். சேலத்திலிருந்து ஜோலார்பேட்டைக்குப் போகும் ரயில் பாதையில், கிருஷ்ணகிரி மாவட்டத்தில் இருக்கிற ஊர் அது. கடிதம் நாலு பக்கம். தொடர்கதையின் கதாநாயகியை இனியாவது அழ விடாதீர்கள் என்று கேட்டு வருகிற கடிதங்களுக்கு நடுவே இது தனியாகத் தெரிந்தது.

விஷயம் இதுதான். அவருடைய மாமியாருக்கு வயது ஐம்பத்தெட்டு. மூக்குக் கண்ணாடி மாற்றலாம் என்று கண் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போயிருக்கிறார். அங்கே ஒன்றுக்கு நாலு பரிசோதனை செய்து பார்த்துவிட்டு, "கண்ணில் பிரஷர் இருக்கிறது அம்மா, லேசர் செய்துவிடலாம்" என்று டாக்டர் சொல்லி, ஒரு சீட்டும் எழுதிக் கொடுத்திருக்கிறார். வீட்டுக்கு வந்த பிறகுதான் தகராறு. கணவருக்கு ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை. ஞாயிற்றுக்கிழமைதான் ஊருக்கு வருவார். அவர் வேலை பார்க்கிற இடத்திலும் லேசர் யந்திரம் இருக்கிறது. இரும்புத் தகட்டை அது வாழைத்தண்டு மாதிரி நறுக்கித் தள்ளுகிறதாம். "அதையா எங்கள் அம்மா கண்ணில் வைக்கப் போகிறார்கள்?" என்று கேட்டிருக்கிறார். அத்தையம்மாள் பிள்ளைக்கு ஒரு படி மேலே போய், "எனக்குப் பார்வைக்கு என்ன குறைச்சல்? அரிசியில் கல் பொறுக்குகிறேன், ஊசியில் நூல் கோக்கிறேன். தை பிறக்கட்டும், பார்த்துக் கொள்ளலாம்" என்று சொல்லிவிட்டாராம். போதாக்குறைக்கு எதிர் வீட்டு அம்மாள் வேறு, "எனக்கும்தான் லேசர் செய்தார்கள். ஒரே நிமிஷம். மறுநாளே முன்னைவிடப் பளிச்சென்று தெரிந்தது" என்று சாட்சி சொல்லியிருக்கிறார்.

"செய்யலாமா, கூடாதா? ஒரு வார்த்தை சொல்லுங்கள்" என்று கடிதம் முடிகிறது.

அந்த ஒரு வார்த்தையைச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. டாக்டர் விளக்கு வைத்துப் பார்த்த கண்ணைப் பத்திரிகை ஆபீஸில் உட்கார்ந்து கொண்டு பார்க்க முடியாது. ஆனால் அந்தச் சகோதரி திரும்பிப் போய் டாக்டரிடம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. அதைத் தாராளமாகச் சொல்லலாம். "எந்த லேசர்?" என்பதே அந்தக் கேள்வி.

லேசர் என்பது ஒரு கருவியின் பெயர். கத்தி என்று சொல்வதைப் போலத்தான். பேனாக்கத்தியும் கத்தி, கசாப்புக் கத்தியும் கத்தி. எதிர் வீட்டு அம்மாளுக்குக் கண்புரை ஆபரேஷன் ஆகியிருந்தால், அதற்குப் பிறகு உள்ளே படிந்த மெல்லிய திரையை லேசரால் திறந்து விட்டிருப்பார்கள். அதனால்தான் மறுநாளே பளிச்சென்று தெரிந்திருக்கிறது. சர்க்கரை வியாதிக்காரர்களுக்கு விழித்திரையில் வைக்கிற லேசர் வேறு. கல்யாணத்துக்கு முன்னால் கண்ணாடியை ஒழித்துவிட வேண்டும் என்று கல்லூரிப் பெண்கள் செய்து கொள்கிற லேசர் இன்னொன்று. அத்தைக்குச் சொல்லியிருப்பது இவற்றில் எதுவுமே இல்லை. அது கிளாக்கோமா என்கிற கண் நீர் அழுத்த நோய்க்கான லேசர். அதிலும் இரண்டு மூன்று ரகம் இருக்கின்றன. ஒன்றுக்கொன்று சம்பந்தமே கிடையாது.

முதலில் ஓசூர்க்காரரின் பயத்தைப் போக்கிவிடலாம். தொழிற்சாலை லேசர் ஆயிரக்கணக்கான வாட் சக்தியோடு நின்று நிதானமாக இரும்பை உருக்குகிறது. (அந்த ஜாதி லேசர்களில் முதலில் பேர் எடுத்தது கார்பன் டையாக்ஸைடு லேசர். 1964-ல் அமெரிக்காவில் அதைக் கண்டுபிடித்தவர், மகாராஷ்டிரத்தில் பாராமதியில் பிறந்த குமார் படேல். ஓசூரில் இதைச் சொன்னால் சந்தோஷப்படுவார்கள்.) கண்ணுக்கு வைக்கிற லேசர் ஒன்றில், ஒரு துடிப்பு நீடிக்கிற நேரம் எவ்வளவு தெரியுமா? ஒரு வினாடியை நூறு கோடி பங்காகப் போட்டால், அதில் மூன்று பங்கு. சூடு பக்கத்துச் சதைக்குப் பரவுவதற்குள் காரியம் முடிந்து போகிறது.

இனி வியாதிக்கு வருவோம். கண்ணுக்குள்ளே ஒரு நீர் ஓயாமல் ஊறிக் கொண்டே இருக்கிறது. அழும்போது வருகிற கண்ணீர் இது இல்லை. இது வெளியே வருவதே கிடையாது. கருவிழிப் படலத்துக்குப் பின்னால் ஊறி, பாப்பா வழியாக முன்பக்கத்துக்கு வந்து, கருவிழியின் ஓரத்தில் சுற்றிலும் உள்ள சல்லடை போன்ற பாகத்தின் வழியே வடிந்து ரத்தத்தில் கலந்துவிடுகிறது. ஊறுவதும் வடிவதும் சரிசமமாக இருக்கும் வரையில் கண்ணின் அழுத்தம் பெரும்பாலோருக்கு 10-லிருந்து 21 மில்லிமீட்டருக்குள் நிற்கும். டாக்டர் 'பிரஷர்' என்று சொன்னது இதைத்தான். கையில் பட்டை கட்டிப் பார்க்கிற ரத்த அழுத்தம் வேறு. அதற்குச் சாப்பிடுகிற மாத்திரை இதற்குக் கேட்கும் என்று நினைத்துவிடக் கூடாது.

வடிகாலில் கோளாறு வந்தால் அழுத்தம் ஏறும். சமையலறை அங்கணத்தை நினைத்துக் கொள்ளுங்கள். தண்ணீர் போகாமல் நிற்பதற்கு இரண்டு காரணம் இருக்கலாம். சல்லடைக் கண்களில் நாளாவட்டத்தில் பிசுக்கு ஏறி அடைத்துக் கொள்வது ஒன்று. சல்லடை சுத்தமாகத்தான் இருக்கும். ஆனால் பாத்திரம் துடைக்கிற துணி மிதந்து வந்து அதன் மேல் படிந்துவிடும், அது இன்னொன்று. கண்ணிலும் அப்படியே. முதலாவதைத் திறந்த கோண கிளாக்கோமா என்பார்கள். இரண்டாவதை மூடிய கோண கிளாக்கோமா என்பார்கள். கோணம் என்பது கருவிழிப் படலமும் அதற்கு முன்னால் உள்ள கருவிழியும் சந்திக்கிற மூலை. அந்தத் துணி வேறு ஏதும் இல்லை, நம் கண்ணுக்கு நிறம் கொடுக்கிற கருவிழிப் படலமேதான்.

அழுத்தத்தால் நசுங்குவது, கண்ணிலிருந்து மூளைக்குச் செய்தி கொண்டு போகிற நரம்பு. இங்கேதான் அத்தையம்மாள் சொன்ன அரிசியும் கல்லும் வருகின்றன. இந்த நரம்பு கெடும்போது முதலில் போவது ஓரப் பார்வை. நடுப் பார்வை கடைசி வரையில் நிற்கும். அரிசியில் கல் பொறுக்குவதும், ஊசியில் நூல் கோப்பதும், ஆஸ்பத்திரிச் சுவரில் மாட்டிய எழுத்துப் பலகையைக் கடைசி வரி வரை படிப்பதும் நடுப் பார்வையின் வேலைகள். நோய் பாதிக் கிணறு தாண்டிய பிறகும் இவையெல்லாம் ஜோராக நடக்கும். ஒரு கண்ணில் விட்டுப் போனதை மறு கண் ஈடு கட்டிவிடும். மீதியை மூளை தானே நிரப்பிக் கொள்ளும். கறுப்பாகத் திரை விழுந்த மாதிரி எதுவும் தெரியாது. நிலைப்படியில் தோள் இடிக்கும். பக்கவாட்டில் வருகிற சைக்கிள் தெரியாது. படியில் கால் தப்பும். "வயசாச்சு" என்று வீட்டில் எல்லோரும் சொல்வார்கள்.

போன பார்வை திரும்பி வராது. கண்புரைக்கும் இதற்கும் உள்ள பெரிய வித்தியாசம் இது. ஆகவே லேசர் செய்து கொண்ட மறுநாள் பளிச்சென்று தெரியும் என்று அத்தை எதிர்பார்த்தால் ஏமாந்து போவார். இந்த லேசர், இருப்பதைக் காப்பதற்காகச் செய்வது. "செய்தும் ஒன்றும் தெரியவில்லையே" என்று அலுத்துக் கொண்டு மறு பரிசோதனைக்குப் போகாமல் இருந்துவிடுகிற ஆபத்து இதில் எப்போதும் உண்டு. முன்கூட்டியே சொல்லி வைப்பது நல்லது.

நம் நாட்டில் இது அபூர்வமான வியாதியா என்றால், இல்லை. மதுரை அரவிந்த் கண் ஆஸ்பத்திரிக்காரர்கள் தமிழ்நாட்டுக் கிராமங்களில் நாற்பது வயதைத் தாண்டிய 5,150 பேரைப் பரிசோதித்து 2003-ல் முடிவை வெளியிட்டார்கள். நூற்றுக்கு 2.6 பேருக்கு ஏதோ ஒரு வகை கிளாக்கோமா இருந்தது. திறந்த கோண வகை இருந்தவர்களில் 93 சதவிகிதம் பேருக்கு, அன்று வரையில் தங்களுக்கு அந்த நோய் இருப்பதே தெரியாது! அவர்களில் ஐந்தில் ஒருவருக்கு ஒரு கண்ணோ இரு கண்ணுமோ அதனாலேயே பார்வை போயிருந்தது. சென்னை சங்கர நேத்ராலயாவின் ஆராய்ச்சியில் இன்னொரு சங்கதி தெரிய வந்தது. திறந்த கோண வகை கிராமத்தில் நூற்றுக்கு 1.62 என்றால், சென்னை நகரத்தில் 3.51. பட்டணத்தில் இருக்கிற நமக்கெல்லாம் வராது என்று யாரும் நிம்மதியாக இருக்க வேண்டாம்.

மூடிய கோண வகையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும். இது ஆண்களைவிடப் பெண்களுக்கு அதிகம். பெண்களின் கண் சற்றுச் சிறியது. முன்னறையின் ஆழமும் குறைவு. தூரத்தில் பார்க்கவே 'ப்ளஸ்' நம்பர் கண்ணாடி போடுகிறவர்களுக்கும் அப்படித்தான். வயதாக ஆகக் கண்ணின் லென்ஸ் தடித்துக் கருவிழிப் படலத்தை முன்னால் தள்ளும். மூலை இன்னும் குறுகும். பெரும்பாலும் இதுவும் சத்தம் போடாமல்தான் நடக்கிறது. ஆனால் சில சமயம் ஒரே இரவில் கதவு சாத்திக் கொண்டுவிடும்.

அந்த இரவைப் பாருங்கள். விளக்கு மங்கலான நேரம், அல்லது இருட்டான சினிமாக் கொட்டகை. இருட்டில் பாப்பா விரியும்போது வடிகால் அடைபடுகிறது. ஒரு பக்கத்துக் கண் சிவக்கிறது. புருவத்திலிருந்து பின் மண்டை வரை பிளக்கிற மாதிரி தலைவலி. விளக்கைப் பார்த்தால் அதைச் சுற்றி வானவில் மாதிரி வளையம். பார்வை மங்குகிறது. குமட்டி வாந்தி எடுக்கிறது. நம் வீடுகளில் உடனே என்ன சொல்வோம்? "பித்தம். வெறும் வயிற்றில் காப்பி குடித்தாய் அல்லவா?" இஞ்சிச் சாறு கொடுப்பார்கள்; நெற்றியில் சுக்கு அரைத்துப் பற்றுப் போடுவார்கள்; தலைவலி மாத்திரை ஒன்றைப் போட்டுப் படுக்க வைப்பார்கள். வாந்தியைப் பார்க்கிறவர்கள் கண்ணைப் பார்ப்பதில்லை. மணிக்கணக்கில் நரம்பு நசுங்கிக் கொண்டிருக்கும். வாந்தியும் தலைவலியும் சேர்ந்து வந்து, ஒரு கண் சிவந்து மங்கலாகவும் இருந்தால் விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. அந்த இரவிலேயே ஆஸ்பத்திரிக்குப் போய், "கண் மங்குகிறது" என்பதை முதல் வார்த்தையாகச் சொல்ல வேண்டும்.

இந்த வகைக்குத்தான் முதல் ரக லேசர். சீட்டில் 'பி.ஐ.' என்றோ 'யாக்' என்றோ எழுதியிருப்பார்கள். கருவிழிப் படலத்தில் ஒரு குண்டூசி முனையைவிடச் சிறிய துளை போடுகிறார்கள். படலத்துக்குப் பின்னால் தேங்கி நிற்கிற நீர் அந்தக் குறுக்கு வழியாக முன்னால் வந்துவிடும். பின்னாலிருந்து தள்ளுகிற வேகம் குறைந்ததும் துணி சல்லடையை விட்டு விலகிக் கொள்ளும்.

கத்தியால் இதையே செய்து காட்டியவர் பெர்லினில் இருந்த ஃபான் கிரேஃபே; 1857-ல். கருவிழிப் படலத்தில் ஒரு துண்டைக் கத்தரித்து எடுப்பார். மயக்க மருந்தும் ஆபரேஷன் மேஜையுமாக அது ஒரு பெரிய வைபவம். 1960-ல் அமெரிக்காவில் மெய்மன் முதல் லேசரை ஒளிர வைத்த பிறகுதான், கண்ணைத் திறக்காமலே உள்ளே வேலை செய்வது நன்றாகக் கைகூடியது.

இப்போது எப்படிச் செய்கிறார்கள்? பாப்பாவைச் சுருக்குவதற்குச் சொட்டு மருந்து விடுவார்கள். அதனால் புருவம் கொஞ்ச நேரம் வலிக்கும், பயப்பட வேண்டாம். கண் மரத்துப் போக இன்னொரு சொட்டு. கண் பரிசோதிக்கும்போது முகவாயை வைத்து உட்காருவோமே, அதே மாதிரி யந்திரத்தின் முன்னால் உட்கார வேண்டியதுதான். கண்ணின் மேல் ஒரு சின்ன லென்ஸை வைத்துப் பிடித்துக் கொள்வார்கள். சொடுக்குகிற மாதிரி சில சத்தங்கள். ஒவ்வொன்றுக்கும் சுருக்கென்று ஒரு உணர்ச்சி. சில நிமிஷத்தில் ஆகிவிடும். ஊசி இல்லை, தையல் இல்லை. சில சமயம் ஒரு பொட்டு ரத்தம் கசியும். லென்ஸை அழுத்திப் பிடித்தால் நின்றுவிடும். பிறகு கொஞ்ச நேரம் உட்கார வைத்து அழுத்தத்தை மறுபடி பார்ப்பார்கள். சிலருக்கு அது தற்காலிகமாக ஏறுவது உண்டு. பார்க்காமல் அவசரமாகக் கிளம்பி வந்துவிடக் கூடாது. அன்று முழுவதும் பார்வை மசமசவென்று இருக்கும். துணைக்கு ஆள் வேண்டும். அபூர்வமாகச் சிலருக்குப் பின்னால் ஒரு வெளிச்சக் கோடு தெரிவதாகச் சொல்வதுண்டு.

ஒரு கண்ணில் அந்த மாதிரி திடீர் அடைப்பு வந்தவர்களுக்கு, நன்றாக இருக்கிற மறு கண்ணிலும் துளை போட்டுவிடுவார்கள். "நல்ல கண்ணை ஏன் தொட வேண்டும்?" என்று சண்டைக்குப் போக வேண்டாம். அந்தக் கண்ணின் அமைப்பும் அதேதான்.

ஆனால் மூலை குறுகலாக இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக எல்லோருக்கும் துளை போட்டுவிடலாமா? சீனாவில் குவாங்சௌ நகரத்தில் இதைப் பொறுமையாகச் சோதித்துப் பார்த்தார்கள். குறுகிய கோணம் மட்டும் உள்ள, வேறு கோளாறு இல்லாத 889 பேர். வயது 50-லிருந்து 70. ஒவ்வொருவருக்கும் ஒரு கண்ணில் துளை, மறு கண் அப்படியே. ஆறு வருஷம் கவனித்து 2019-ல் முடிவைச் சொன்னார்கள். அழுத்தம் ஏறுவது, மூலை ஒட்டிக் கொள்வது, திடீர் அடைப்பு இவற்றில் ஏதாவது ஒன்று துளை போட்ட கண்களில் 19-க்கும், போடாத கண்களில் 36-க்கும் வந்தது. லேசரால் பலன் உண்டு. ஆனால் அடைப்பே அவ்வளவு குறைவாக வருகிறபோது ஊரில் உள்ள அத்தனை பேருக்கும் போட வேண்டியதில்லை என்று தீர்மானித்தார்கள். ஆகவே சாமல்பட்டி சகோதரி டாக்டரிடம் கேட்க வேண்டிய இரண்டாவது கேள்வி: "கோணம் குறுகல் என்பது மட்டும்தானா, அல்லது அழுத்தம் ஏறியோ மூலை ஒட்டியோ நரம்பு கெட்டோ இருக்கிறதா?" இரண்டாவதாக இருந்தால் பேச்சே இல்லை. முதலாவதாக இருந்தாலும், அடிக்கடி வந்து காட்ட முடியாத தூரத்தில் இருப்பவர், தாய்க்கோ அக்காவுக்கோ இந்த நோய் இருந்தவர் என்றெல்லாம் பார்த்து, போட்டுவிடுவதே மேல் என்று டாக்டர் சொல்லலாம். அவரிடம் காரணம் கேட்பதில் தப்பில்லை. காரணத்தை நிதானமாகச் சொல்கிற டாக்டர் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள்.

இன்னொன்று. ஐம்பது வயதுக்கு மேல் ஆகி, மூடிய கோணத்தோடு அழுத்தமும் மிக அதிகம், அல்லது நரம்பே கெட ஆரம்பித்துவிட்டது என்றால், துளைக்குப் பதிலாகத் தடித்த லென்ஸையே எடுத்துவிட்டுச் செயற்கை லென்ஸ் வைப்பது நல்ல பலன் தருகிறது என்று 2016-ல் வெளியான ஓர் ஆராய்ச்சி காட்டியது. அத்தைக்குக் கண்புரையும் ஆரம்பித்திருந்தால் இதையும் விசாரிக்கலாம்.

இரண்டாவது ரகத்துக்கு வருவோம். சல்லடையே அடைத்துக் கொண்ட திறந்த கோண வகைக்கு உரியது இது. சீட்டில் 'எஸ்.எல்.டி.' என்று இருக்கும். இதில் துளை ஒன்றும் போடுவதில்லை. சல்லடையைச் சுற்றிலும் சுமார் நூறு இடத்தில், நான் முதலில் சொன்ன அந்த நூறு கோடியில் மூன்று பங்கு நேரத்துப் பச்சை ஒளித் துடிப்புகளைப் போடுகிறார்கள். அங்கே நிறமி உள்ள செல்கள் மட்டும் அதை உறிஞ்சிக் கொள்கின்றன. மற்றவை தப்பித்துக் கொள்கின்றன. உடம்பின் துப்புரவுச் செல்கள் அந்த இடத்துக்கு வந்து வேலை செய்கின்றன. வடிகால் கொஞ்சம் சுளுவாகிறது. 1979-ல் வந்த பழைய ஆர்கான் முறையில் சல்லடையில் தழும்பு விழும். ஆகவே திரும்பச் செய்ய டாக்டர்கள் தயங்குவார்கள். 1995-ல் லாட்டினா, பார்க் என்ற இருவர் வெளியிட்ட இந்தப் புது முறையில் அந்தத் தொந்தரவு குறைவு. தேவைப்பட்டால் மறுபடி செய்யலாம்.

பலன் தெரிய நாலு முதல் ஆறு வாரம் ஆகலாம். அது வரையில் சொட்டு மருந்தை நிறுத்தச் சொல்லாவிட்டால் நிறுத்தக் கூடாது. சிலருக்குப் பலிக்காமலும் போகும். பலித்தாலும் சில வருஷத்தில் மங்கும்.

இவ்வளவு நிச்சயமில்லாத ஒன்றை எதற்குச் செய்து கொள்ள வேண்டும், சொட்டு மருந்தே போதாதா என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. இங்கிலாந்தில் புதிதாக நோய் கண்ட 718 பேரை இரண்டு கோஷ்டியாகப் பிரித்து, ஒரு கோஷ்டிக்கு முதலில் சொட்டு மருந்தும், மற்றதற்கு முதலில் லேசரும் கொடுத்துப் பார்த்தார்கள். 2019-ல் வெளியான முடிவின்படி, லேசர் கோஷ்டியில் நூற்றுக்கு 74 பேர் மூன்று வருஷத்துக்குப் பிறகும் ஒரு சொட்டு மருந்து கூட இல்லாமல் வேண்டிய அழுத்தத்தில் இருந்தார்கள். ஆறு வருஷம் ஆனபோது கூட நூற்றுக்கு எழுபது கண்களுக்கு மருந்தோ ஆபரேஷனோ வேண்டியிருக்கவில்லை. 2022-ல் அந்நாட்டுச் சிகிச்சை நெறிகளிலேயே லேசரை முதலில் வைத்துவிட்டார்கள். ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அவர்கள் நோயை ஆரம்பத்திலேயே கண்டுபிடிக்கப்பட்டவர்கள். நம்மவர்கள் முக்கால் வாசி போன பிறகு வருகிறார்கள். முற்றிய நோய்க்கு லேசர் போதாது; ஆபரேஷன்தான்.

ஆபரேஷன் என்றதும் நம் எழும்பூர் கண் ஆஸ்பத்திரியைச் சொல்லாமல் போனால் குற்றம். 1819-ல் ஆரம்பித்த ஆஸ்பத்திரி அது. அங்கே தலைமை வகித்த எலியட் என்ற வெள்ளைக்கார டாக்டர், 1909-ல், கருவிழியும் வெள்ளைவிழியும் சேருகிற இடத்தில் ஒரு சின்ன வட்டத் துளை போட்டு நீரை வெளிச்சவ்வுக்கு அடியில் வடிய விடுகிற முறையை அமைத்தார். உலகத்து டாக்டர்கள் பல காலம் கையாண்ட முறை அது. இப்போது அதிகமாகச் செய்கிற ஆபரேஷன் 1968-ல் கெய்ர்ன்ஸ் கொண்டு வந்தது. (எலியட் துரை லண்டன் திரும்பிய பிறகு மந்திரவாதிகள் சங்கத்தில் சேர்ந்து, நம் ஊர்க் கயிற்று வித்தையைச் செய்து காட்டுகிறவருக்கு 500 கினி பரிசு என்று 1934-ல் அறிவித்த குழுவுக்குத் தலைவராக இருந்தார். பரிசை யாரும் வாங்கிக் கொண்டு போகவில்லை!)

மூன்றாவது ரக லேசர் ஒன்றும் உண்டு. நீர் ஊறுகிற ஊற்றையே வெளியிலிருந்து டையோடு லேசரால் கொஞ்சம் வற்ற வைப்பது. மற்றது எதுவும் பலிக்காத கண்ணுக்கும், வலி தாங்காத கண்ணுக்கும் கடைசியில் செய்வது. இதற்குக் கண்ணைச் சுற்றி ஊசி போட்டு மரக்க வைக்க வேண்டும். அத்தைக்கு அந்த நிலை வரவில்லை என்று கடிதத்தைப் பார்த்தாலே தெரிகிறது.

போகுமிடம் பற்றி: கிருஷ்ணகிரியில் 2022-லிருந்து அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. ஒரு பக்கம் சேலம்; இன்னொரு பக்கம் பெங்களூர், அங்கே 1896-ல் தொடங்கிய மின்டோ கண் ஆஸ்பத்திரி. துளை போடுகிற யாக் யந்திரம், கண்புரைக்குப் பின் திரை திறக்கவும் உதவுவதால், பல இடத்திலும் இருக்கும். எஸ்.எல்.டி. யந்திரம் அப்படி அல்ல. போவதற்கு முன் போனில் கேட்டுக் கொண்டால் ஒரு நாள் அலைச்சல் மிச்சம். பழைய சீட்டு, பழைய அழுத்தக் கணக்கு, ஓரப் பார்வைப் பரிசோதனைத் தாள் எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு வையுங்கள். டாக்டருக்கு இன்றைய அழுத்தத்தைவிடப் போன வருஷத்துத் தாள்தான் அதிகம் பேசும்.

வீட்டில் கவனிக்க வேண்டியவை சில. கிளாக்கோமாச் சொட்டு மருந்துகளில் டிமலால் என்று ஒன்று உண்டு. ஆஸ்துமா இருப்பவர்களுக்கு அது ஆகாது. கண்ணில் விடுகிற சொட்டு மார்புக்கு என்ன செய்யும் என்று நினைத்து இழுப்பைச் சொல்லாமல் விட்டுவிடாதீர்கள். சொட்டு விட்டதும் கண்ணை மூடி, மூக்கோரத்து மூலையை விரலால் இரண்டு நிமிஷம் அழுத்திப் பிடித்தால் மருந்து மூக்குக்கு இறங்காது. இரண்டு மருந்து இருந்தால் நடுவே ஐந்து நிமிஷம் விட வேண்டும். கண் சிவந்தது, அரித்தது என்று மருந்துக் கடையில் கேட்டு வாங்குகிற சொட்டு மருந்துகளில் பலவற்றில் ஸ்டீராய்டு இருக்கிறது. அதை மாதக்கணக்கில் விட்டால் அதுவே இந்த நோயைக் கொண்டு வரும். ஒரு தரம் எழுதிக் கொடுத்த சீட்டை வைத்துக் கொண்டு வருஷம் முழுவதும் வாங்குகிற வழக்கம் நம் வீடுகளில் இருக்கிறது. அதை விட்டொழிக்க வேண்டும்.

இந்த நோய் ரத்த சம்பந்தத்தில் தொடரும். தாய்க்கு இருந்தால் பிள்ளைகளும், கூடப் பிறந்தவர்களும் கட்டாயம் பரிசோதித்துக் கொள்ள வேண்டும். கண்ணாடிக் கடையில் நம்பர் பார்ப்பது போதாது. அழுத்தம், கோணம், நரம்பு மூன்றையும் கண் டாக்டர் பார்க்க வேண்டும். அழுத்தம் சரியாக இருந்தும் நரம்பு கெடுகிறவர்கள் உண்டு. லேசரைப் பற்றி அவ்வளவு பேசின அந்த ஓசூர்க்காரரும், நாற்பதைத் தொட்டிருந்தாலும் தொடாவிட்டாலும், அம்மாவோடு போய்த் தம் கண்ணையும் காட்டிவிட்டு வரட்டும்.

கடைசியில், தை பிறப்பது வரை தள்ளிப் போடலாமா என்ற விஷயம். சீட்டில் இருப்பது எஸ்.எல்.டி. என்றால், சொட்டு மருந்து ஒழுங்காக விட்டுக் கொண்டு டாக்டரைக் கேட்டுக் கொண்டு சில நாள் முன்னே பின்னே வைத்துக் கொள்ளலாம். பி.ஐ. என்று இருந்து, மாலையில் விளக்கைச் சுற்றி வளையம் தெரிகிறது, புருவம் வலிக்கிறது என்று அத்தை சொல்லியிருந்தால், இந்த வாரமே போக வேண்டும். ஜலதோஷ மாத்திரை எதையும் டாக்டரைக் கேட்காமல் கொடுக்க வேண்டாம். அவற்றில் சில பாப்பாவை விரித்து, குறுகின மூலையைச் சாத்திவிடும்.